ரேந்தைத் திண்டும் கிராமப் பெண்களின் விடுதலையும்

தென் திருவிதாங்கூர்த் திருச்சபை வரலாற்றில் மிஷனெரிமாரின் பயணங்களும் ஆலயங்கள் எழுந்த ஆண்டுகளும் விரிவாகக் கூறப்படுகின்றன. அச்சபைகளின் கிராமப் பெண்கள் தங்கள் கைவேலையால் அடைந்த விடுதலையும் அவ்வரலாற்றின் இன்றியமையாத பகுதியே என்பதை ஈண்டு நாம் காண்போம்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அப்பகுதியின் நாடார் குடும்பங்களில் ஆண்கள் பனையேறினர். பெண்கள் விறகு சேர்த்து, பதநீர் காய்ச்சி, கருப்பட்டி வார்த்தனர். இவ்வாறு உழைத்த பெண்கள் மார்பை மறைத்து மேலாடை அணியவும் தடையிருந்தது. வயல்களில் உழைத்த புலையர், பறையர் குலப் பெண்களில் பலர் விலைக்கு வாங்கி விற்கப்படும் அடிமைகளாயிருந்தனர்.

இலண்டன் மிஷன் சார்பில் 1819-ல் நாகர்கோவிலுக்கு வந்த சார்லஸ் மால்ட் ஐயரின் துணைவியார் மார்த்தா அம்மையார், பெண்களுக்கு விடுதிப் பள்ளி நடத்தினார். அங்கே வாசிப்புடன் ரேந்தை பின்னலும் கற்பிக்கப்பட்டது. திண்டின்மேல் குண்டூசிகளைக் குத்தி, நூல் சுற்றிய சிறு கட்டைகளை மாற்றி மாற்றிப் போட்டுப் பின்னும் நுண்ணிய வேலை அது. அவர்தம் மகள் எலைசா 1844-ல் கால்டுவெல் ஐயரை மணந்து இடையன்குடிக்குச் சென்றபோது, அக்கலை திருநெல்வேலிச் சீமையிலும் வேரூன்றிற்று.

இதன் பயன் யாது? முதலாவது, கூலி பெண்ணின் கையிலேயே வந்தது. அடிமைகளாயிருந்த பெண்கள் சிலர் அவ்வருவாயைச் சேர்த்துத் தங்கள் விடுதலையை விலைகொடுத்துப் பெற்றனர். திருவிதாங்கூர் அரசு அடிமைமுறையை ஒழித்ததோ 1855-ல்தான். இரண்டாவது, ரேந்தை விற்ற பணம் பெண்கள் பள்ளிகளைத் தாங்கிற்று. ஒருத்தியின் உழைப்பு மற்றொருத்தியின் எழுத்தறிவாயிற்று. மூன்றாவது, பள்ளியும் வருவாயும் தந்த தன்மதிப்பு மேலாடை உரிமைப் போராட்டத்திற்கும் துணைநின்றது எனலாம். 1859 ஜூலை 26-ல் வெளியான அரச விளம்பரம் மார்பை மறைக்க இசைந்தது. ஆயினும் உயர்சாதிப் பெண்களைப்போல் உடுத்தலாகாது என வரம்பிட்டது.

குறைகளையும் நாம் மறைத்தலாகாது. பின்னல் மாதிரிகள் ஐரோப்பாவினின்று வந்தன. வாங்கியோரும் பெரும்பாலும் ஐரோப்பியரே. கலையைக் கொணர்ந்த அம்மையாரின் பெயர் நூல்களில் நிற்கிறது. பின்னிய பெண்களின் பெயர்களோ பெரும்பாலும் காணப்படவில்லை.

தொற்காள் மரித்தபோது, அவள் செய்த வஸ்திரங்களை விதவைகள் பேதுருவுக்குக் காட்டினார்கள் என்று அப்போஸ்தலர் நடபடிகள் 9-ஆம் அதிகாரம் கூறுகிறது. அவளுடைய கைவேலையே அவளுக்குச் சாட்சியாயிற்று. சேகரத்தின் பழைய ஞானஸ்நானப் பதிவேடுகளை ஆராய்வதும், மூத்த தாய்மாரின் நினைவுகளைக் கேட்டு எழுதிவைப்பதும் இன்றைய குருமாருக்கும் இறையியல் மாணவருக்கும் உரிய ஊழியமாகும். அப்பெண்களின் பெயர்களையும் சொல்லும்போதே நமது சபை வரலாறு நிறைவுபெறும்.