திணைக்கு வெளியே ஓர் உடல்

தொல்காப்பியப் பொருளதிகாரம் நடத்தும்போது இரண்டு நூற்பாக்களில் நான் கூடுதல் நேரம் நிற்பது வழக்கம். ஒன்று களவியலில் வருவது. தன் வேட்கையைத் தலைவன் முன் தானே எடுத்துச் சொல்வது தலைவிக்கு இல்லை என்கிறது. மற்றது அகத்திணையியலில் வருவது. அடியோர், வினைவலர் ஆகியோரின் காதலைப் பாடத் தடையில்லை, ஆனால் அது புறத்தே நிற்கும் என்கிறது. அந்தப் புறம் ஐந்திணைக்கு வெளியே உள்ள கைக்கிளையும் பெருந்திணையும் என்று உரையாசிரியர்கள் பொருள் கொண்டார்கள். முதல் விதி பெண்ணின் வாயைக் கட்டுகிறது. இரண்டாவது, பிறருக்கு உழைப்பவரின் காதலை ஒரு படி கீழே இறக்குகிறது. இரண்டும் சேர்ந்து விழுவது உழைக்கும் பெண்ணின்மேல்.

முதல் விதியைப் பெண்கள் வெகுகாலம் முன்பே அசைத்துவிட்டார்கள். வெள்ளிவீதியார் காமத்தின் துயரைப் பாடினார். ஆண்டாள் நாச்சியார் திருமொழியில் தன் உடலின் தவிப்பை ஒளிக்கவில்லை. அவர்களைப் போற்றும் இதே தமிழ்ச் சமூகம்தான், 2002இல் குட்டி ரேவதி தன் தொகுப்புக்கு 'முலைகள்' என்று பெயர் வைத்தபோது கொதித்தது. சல்மா, மாலதி மைத்ரி, சுகிர்தராணி ஆகியோரும் அந்த வசவுகளைச் சேர்ந்தே சுமந்தார்கள். பழம்பாடலில் காமம் இலக்கியம். உயிரோடு இருக்கும் பெண் எழுதினால் ஆபாசம்.

இரண்டாவது விதியை உடைத்ததில் சுகிர்தராணிக்குத் தனி இடம் உண்டு. இராணிப்பேட்டை அருகே இலாலாப்பேட்டையைச் சேர்ந்தவர், பள்ளியில் தமிழாசிரியை. 2002இல் 'கைப்பற்றி என் கனவு கேள்', 2004இல் 'இரவு மிருகம்' தொகுப்புகள் வந்தன. அவர் கவிதையில் விரும்பும் உடலும் ஊருக்கு வெளியே நிறுத்தப்பட்ட உடலும் ஒன்றே. பறை சுமக்கும் தகப்பனின் மகளாகத் தன் அடையாளத்தை மறைத்து வளர்ந்த சிறுமி, பிறகு அதை உரக்கச் சொல்லும் பெண்ணாகிறாள். அந்தப் பெண்தான் காமத்தையும் பேசுகிறாள். 'உடலரசியல்' என்ற ஒற்றைச் சொல்லில் அவரை அடைப்பவர்கள் சாதியைத் தவறவிடுகிறார்கள். தலித் கவிஞர் என்று மட்டும் சொல்பவர்கள் அவர் வேட்கையைக் கேட்பதில்லை. தீண்டத்தகாதது என்று பகலில் விலக்கிய உடலை இரவில் உரிமை கொண்டாடியவர்களின் வரலாறு நம்மிடம் இருக்கிறது. அந்த உடலுக்கும் சொந்த ஆசை உண்டு, மறுக்கும் உரிமை உண்டு என்று அவளே எழுதுவது அந்த வரலாற்றுக்கான பதில்.

2021 ஆகஸ்டில் தில்லிப் பல்கலைக்கழகம் ஆங்கில இளங்கலைப் பாடத்திலிருந்து மகாசுவேதா தேவியின் 'திரௌபதி' கதையோடு பாமா, சுகிர்தராணி ஆகியோரின் எழுத்தையும் நீக்கியது. கல்விக்குழு உறுப்பினர்கள் 15 பேர் எதிர்ப்பைப் பதிவு செய்தும் முடிவு மாறவில்லை. நீக்கப்பட்ட இடம் பெண்ணெழுத்துக்கான தாள் என்பதைக் கவனியுங்கள்.

பாடத்திட்டமும் ஒரு திணை வகுப்புதான். எது நடுவில், எது ஓரத்தில், எது வெளியே என்று அது தீர்மானிக்கிறது. தலித் பெண்ணெழுத்தை விருப்பப் பாடத்தின் கடைசி அலகில் வைத்து, நேரமில்லை என்று தாண்டிப் போகும் வகுப்பறைகளும் பழைய நூற்பாவைத்தான் பின்பற்றுகின்றன: பாடத் தடையில்லை, இடம் மட்டும் வெளியே. இந்தக் கவிதைகளைக் குறுந்தொகைக்குப் பக்கத்தில் வைத்து அகப்பாடலாகவே வாசிக்க வேண்டும் என்று நான் கேட்பது அதனால்தான்.