அரசுப் பணித் தேர்வில் சமநீதி: வெங்கடரமணா வழக்கும் மைசூர் மரபும்

முன்னுரை

பெங்களூரிலிருந்து ஒசூர் செல்லும் நெடுஞ்சாலையில், ஆனேக்கல் வட்டத்தில் அமைந்துள்ள ஊர் சந்தாபுரா. இவ்வூரைக் கடந்து அத்திப்பள்ளியை அடைந்தால் தமிழக எல்லை தொடங்கிவிடும். விடுதலைக்கு முன்னர் இவ்வெல்லை மைசூர் சமஸ்தானத்தையும் சென்னை மாகாணத்தின் சேலம் மாவட்டத்தையும் பிரித்து நின்றது. எல்லையின் இருபுறமும் ஏறத்தாழ ஒரே காலத்தில் அரசுப் பணிகளைச் சமூகங்களுக்கிடையே பகிர்ந்தளிக்கும் முறை உருவாயிற்று. எனினும் அரசியலமைப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்தபின் இவ்விரு முறைகளும் நீதிமன்றங்களில் வெவ்வேறு முடிவுகளை எய்தின. அவ்வேறுபாட்டின் காரணத்தை ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இரு அரசுகள், இரு முறைகள்

மைசூரில் உயர் பணிகள் பெரிதும் பிராமணர் வசமே இருந்தமையால், 1917இல் தோன்றிய பிரஜாமித்ர மண்டலி உரிய பங்கு கோரியது. அதன் விளைவாக நால்வடி கிருஷ்ணராஜ உடையார் 1918இல் தலைமை நீதிபதி லெஸ்லி மில்லர் தலைமையில் குழு ஒன்றை அமைத்தார். இக்கொள்கையில் உடன்பாடு இல்லாத திவான் விசுவேசுவரய்யா அவ்வாண்டிலேயே பதவி விலகினார். 1919இல் அறிக்கை அளித்த மில்லர் குழு, ஏழு ஆண்டுகளுக்குள் உயர் பணிகளில் பாதிக்குக் குறையாமலும் கீழ்நிலைப் பணிகளில் மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையாமலும் பிராமணரல்லாத சமூகத்தார்க்கு அளிக்கப்பட வேண்டும் எனப் பரிந்துரைத்தது.

சென்னை மாகாணத்தில் நீதிக்கட்சி ஆட்சி 1921இல் வகுப்புவாரி ஆணையைப் பிறப்பித்தது. எஸ். முத்தையா முதலியார் அமைச்சராக இருந்த காலத்தில் வெளியான 1927ஆம் ஆண்டு ஆணை, 12 இடங்களுள் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 5, பிராமணர், முசுலிம்கள், கிறித்தவர்-ஆங்கிலோ இந்தியர் ஆகியோர்க்குத் தலா 2, ஒடுக்கப்பட்டோர்க்கு 1 எனப் பங்கிட்டது. 1947இல் இச்சுழற்சி 14 இடங்களாக விரிந்தபோது ‘பின்தங்கிய இந்துக்கள்’ என்னும் புதிய பிரிவு சேர்க்கப்பட்டது. இச்சேர்க்கையே பின்னாளைய தீர்ப்பின் திறவுகோலாயிற்று.

வெங்கடரமணா வழக்கு

1949 திசம்பரில் சென்னை அரசுப் பணித் தேர்வாணையம் 83 மாவட்ட முன்சீப் பணியிடங்களுக்கு விண்ணப்பங்களைக் கோரியது. அரிசனர் 19, முசுலிம்கள் 5, கிறித்தவர் 6, பின்தங்கிய இந்துக்கள் 10, பிராமணரல்லாத இந்துக்கள் 32, பிராமணர் 11 என அவை பகுக்கப்பட்டிருந்தன. விண்ணப்பித்துத் தேர்வு பெறாத பி. வெங்கடரமணா, 32ஆம் உறுப்பின்கீழ் நேரடியாக உச்ச நீதிமன்றத்தை அணுகினார்.

1951 ஏப்ரல் 9ஆம் நாள் தீர்ப்பு வெளியாயிற்று. கல்லூரிச் சேர்க்கை பற்றிய செண்பகம் துரைராசன் வழக்கின் தீர்ப்பும் அதே நாளில் வழங்கப்பட்டது. இரண்டும் வகுப்புவாரி ஆணையை வீழ்த்திய தீர்ப்புகள் என ஒருங்கே கூறப்படுவது வழக்கம். ஆயின் இவ்விரண்டனுள் நுட்பமான வேறுபாடு உண்டு. அரசுப் பணிகளில் பின்தங்கிய வகுப்பார்க்கு இடஒதுக்கீடு செய்ய 16(4)ஆம் உறுப்பு தொடக்கத்திலேயே இடமளித்திருந்தது. ஆகவே அரிசனர், பின்தங்கிய இந்துக்கள் ஆகியோர்க்கான ஒதுக்கீட்டை நீதிமன்றம் செல்லத்தக்கதாகவே கொண்டது. பின்தங்கியோர் எனத் தனிப்பிரிவை ஆணையே வகுத்திருத்தலின், ஏனைய பிரிவினர் பின்தங்கியோர் அல்லர் என்பது பெறப்படுகிறது எனக் கருதி, அப்பிரிவுகளுக்கான பங்கீட்டை மட்டுமே 16ஆம் உறுப்பின் முதலிரு கூறுகளுக்கு மாறானது என அறிவித்தது. கல்வித் துறையிலோ அத்தகைய விதிவிலக்கு இல்லாமையால், 1951இல் முதல் அரசியலமைப்புத் திருத்தத்தின் வழி 15(4) சேர்க்கப்பட வேண்டியதாயிற்று.

மைசூரின் மாற்றுப்பாதை

மைசூர் மரபில் பிராமணரல்லாத சமூகங்கள் அனைத்தையும் பின்தங்கியோர் எனக் கொள்ளும் போக்கு நிலைத்திருந்தது. கேசவ ஐயங்கார் வழக்கில் (1956) மைசூர் உயர் நீதிமன்றம் இவ்வகைப்பாட்டை ஏற்றுக்கொண்டது. ஆகச் சென்னையில் ‘பிராமணரல்லாதார்’ என்ற பெயரால் இழக்கப்பட்ட உரிமை, மைசூரில் ‘பின்தங்கியோர்’ என்ற பெயரால் சில ஆண்டுகள் காக்கப்பட்டது எனலாம். 1960இல் இராமகிருட்டிண சிங் வழக்கில் அவ்வகைப்பாடும் வீழ்ந்தது. 1962இல் பாலாஜி வழக்கில் மைசூர் அரசின் 68 விழுக்காட்டுக் கல்வி ஒதுக்கீட்டை உச்ச நீதிமன்றம் நீக்கி, ஒதுக்கீடு பொதுவாகப் பாதிக்குக் குறைதல் வேண்டும் என்றது. இக்கருத்தே 1992இல் இந்திரா சாகனி வழக்கில் பணிகளுக்கான 50 விழுக்காட்டு வரம்பாக உறுதி பெற்றது.

முடிவுரை

பிற்காலத்தில் வழக்குகளின் மையம் வகைப்பாட்டோடு நில்லாது தேர்வின் நேர்மையையும் தழுவி விரிந்தது. கருநாடக அரசுப் பணித் தேர்வாணையத்தின் 2011ஆம் ஆண்டுத் தேர்வில் தெரிவான 362 பேரின் பட்டியலை முறைகேட்டுப் புகார்களின் பேரில் அரசு 2014இல் கைவிட்டது. 2016இல் நிருவாகத் தீர்ப்பாயம் தேர்வர்க்குச் சார்பாகவும், 2018இல் உயர் நீதிமன்றம் அதற்கு மாறாகவும் தீர்ப்பளித்தன. 2022இல் சட்டமன்றம் தனிச்சட்டம் இயற்றி அந்நியமனங்களுக்கு வழி செய்தது.

இவற்றால் ஓர் உண்மை புலனாகிறது. சமநீதி பற்றிய வழக்குகளில் உரிமை மட்டுமன்று, உரிமைக்குரியோரை அரசு எச்சொல்லால் குறித்தது என்பதும் முடிவைத் தீர்மானித்துள்ளது. சென்னை ஆணை வீழ்ந்ததும் மைசூர் ஆணை சிலகாலம் நின்றதும் இச்சொல்லாட்சியின் விளைவே. வகுப்புவாரி ஆணையின் வரலாற்றை எழுதுவோர் வெங்கடரமணா வழக்கைத் தனியே பயிலுதல் வேண்டும் என்பதற்கு இதுவே தக்க காரணமாகும்.