கண்ணாடிச் சுவர்களுக்குள் ஓர் அரசு

அறிவியல் புனைகதைகளை வெறும் பொழுதுபோக்கென ஒதுக்குவோர் உளர். ஆயின், அவற்றைக் கண்டு அரசுகளே அஞ்சியமைக்கு வரலாறு சான்று பகர்கின்றது.

உருசியக் கப்பற் பொறியாளர் யெவ்கனி சம்யாத்தின் 1920–21ஆம் ஆண்டுகளில் 'நாம்' என்னும் புதினத்தைப் படைத்தார். அதில் மாந்தர்க்குப் பெயரில்லை, எண்களே உண்டு. இல்லங்கள் கண்ணாடியாலானவை, திரையிடவும் அரசின் சீட்டு வேண்டும். ஆண்டுதோறும் தேர்தல் நிகழும். முடிவோ முன்னரே தெரிந்தது.

சோவியத்து அரசு அதனை அச்சேற விடவில்லை. 1924இல் ஆங்கில மொழிபெயர்ப்பே முந்தி வெளிவந்தது. எழுதத் தடையென்பது எழுத்தாளனுக்கு மரண தண்டனையே என 1931இல் ஸ்டாலினுக்கு மடல் விடுத்த சம்யாத்தின், நாடு நீங்கி 1937இல் பாரிசில் மறைந்தார். 1946இல் அந்நூலுக்கு மதிப்புரை வரைந்த ஜார்ஜ் ஆர்வெல், 1949இல் தம் '1984' புதினத்தை வெளியிட்டார். தாயகத்தில் 'நாம்' அச்சேறியது 1988இல்தான்.

கற்பனைக்கு அஞ்சும் அதிகாரம், அதனுள் தன் முகத்தைக் கண்டுகொண்ட அதிகாரமே. எதிர்காலக் கதையைப் பயிலும் மாணவர், அது பிறந்த காலத்தையும் உடன் பயிலுதல் வேண்டும்.