கரையில் இடம் யாருக்கு?

ஆயுதம் ஏந்திய துறவிகள் புண்ணியத் தலங்களில் மோதிக்கொண்ட வரலாற்றைச் சைவ வைணவப் பகையின் கதையாகவே படித்துப் பழகியிருக்கிறோம். வடஇந்தியத் தீர்த்தங்களில் நடந்த பெரிய சண்டைகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தால் அந்த விளக்கம் நிற்பதில்லை. கரையில் எவர் எங்கே அமர்வது, எவர் முதலில் நீராடுவது, குவிகிற காணிக்கையும் வரியும் எவர் கைக்குப் போவது என்பவைதான் அங்கே வாளை உருவ வைத்தன.

1567இல் தானேசரில் நடந்த சண்டையை முதலில் பார்ப்போம். லாகூரிலிருந்து ஆக்ராவுக்குத் திரும்பும் வழியில் அக்பரின் பாளையம் அங்கே இறங்கியிருந்தது. குருக்ஷேத்திரத்துப் பெருங்குளம் இருப்பது அங்கேதான். கிரகண நாட்களில் நாடெங்கிலுமிருந்து மக்கள் வந்து நீராடித் தானம் கொடுக்கும் இடம். அந்தக் குளக்கரையில் தங்களுக்கென்று வழிவழியாக இருந்த இடத்தை எதிர்த்தரப்பினர் பிடித்துக்கொண்டார்கள் என்று சந்நியாசிகளில் புரிப் பிரிவின் தலைவர் கேசு புரி பேரரசரிடம் முறையிட்டார். இடத்தை வைத்திருந்தவர்கள் ஆனந்த் குர் என்பவரின் ஆட்கள். சமாதானப் பேச்சு பலிக்கவில்லை; இரு தரப்பும் போரிட அனுமதி கேட்டன, கிடைத்தது. வாள், அம்பு, கல் என்று சண்டை முற்றியது. புரிகள் எண்ணிக்கையில் குறைவு என்பதால் அக்பர் தம் ஆட்களில் சிலரை அவர்கள் பக்கம் இறக்கிவிட்டார். குர் தரப்பு சிதறியது, ஆனந்த் குர் கொல்லப்பட்டார். பின்னாளில் அக்பர்நாமா ஏட்டுக்காக ஓவியர் பசாவன் இதை இரு பக்கச் சித்திரமாக அமைத்தார். லண்டன் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்தில் இன்றும் அதைக் காணலாம். குளக்கரையில் நீறு பூசிய உடல்கள் ஒன்றையொன்று வெட்டிச் சாய்க்கின்றன.

இதில் தத்துவ வேறுபாடு எங்கே இருக்கிறது? அக்பர்நாமாவை எழுதிய அபுல் ஃபசல் குர் என்று குறிப்பிடுபவர்களைக் கிரிப் பிரிவினர் என்று பலரும் கொள்கிறார்கள். அப்படியானால் இரு தரப்பும் சங்கரரைக் குருவாகக் கொண்ட தசநாமிச் சந்நியாசிகள். அக்பர் காலத்து இன்னொரு வரலாற்றாசிரியர் பதாவுனி இதை ஜோகிகளுக்கும் சந்நியாசிகளுக்கும் நடந்த சண்டை என்கிறாரே என்று கேட்கலாம். அவர் சொல்வதையே ஏற்றாலும் சிவனை வணங்குகிறவர்கள் தங்களுக்குள் மோதினார்கள் என்றுதான் ஆகும். வழிபாட்டில் பகை இல்லாதவர்கள் உட்காரும் இடத்துக்காக உயிரைக் கொடுத்திருக்கிறார்கள்.

ஹரித்வாரில் நடந்தவை வேறு வகை, அங்கே வெவ்வேறு சமயத்தார் மோதினார்கள் என்பது அடுத்த மறுப்பு. அது உண்மைதான். 1760 கும்பமேளாவில் சைவக் கோசாயிகள் வைணவப் பைராகிகளைத் தோற்கடித்தார்கள். மாண்டவர்கள் 18,000 பேர் என்பது ஏறத்தாழ அரை நூற்றாண்டு கழித்து ஓர் ஆங்கில அதிகாரி கேட்டு எழுதிய கணக்கு. அதை நான் நம்பவில்லை. வெற்றியால் கோசாயிகள் அடைந்தது என்ன என்பதே நமக்கு வேண்டிய செய்தி. மேளாவின் நிர்வாகம் முழுவதும் அவர்கள் வசமாயிற்று. 1796 மேளாவின்போது அங்கிருந்த ஆங்கிலப் படை அதிகாரி தாமஸ் ஹார்ட்விக் நேரில் கண்டு எழுதியிருக்கிறார்: வரி வசூலித்தவர்கள் கோசாயிகள், காவலும் அவர்கள் பொறுப்பு, அவர்களின் தலைவர்களான மகந்துகள் நாள்தோறும் கூடி வழக்குகளைக் கேட்டுத் தீர்ப்புச் சொன்னார்கள். பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை கூடிக் கலையும் ஒரு நகரத்தின் அரசாங்கமாகவே அவர்கள் இருந்தார்கள்.

அந்த ஆண்டு, சீக்கியக் குதிரைப்படையோடு வந்த உதாசித் துறவிகள் கோசாயிகளிடம் அனுமதி பெறாமலே ஓரிடத்தில் கொடி நட்டார்கள். கோசாயிகள் கொடியைப் பிடுங்கி எறிந்து, பொருள்களைக் கொள்ளையிட்டு, அவர்களை விரட்டினார்கள். பட்டியாலா அரசரின் முறையீட்டுக்குப் பிறகு, பறித்ததைத் திருப்பித் தருவதாக மகந்துகள் ஒப்புக்கொண்டதும் பூசல் அடங்கியதுபோல் தோன்றியது. ஏப்ரல் 10ஆம் தேதி, மேளா முடியும் நாள் காலையில், சீக்கியக் குதிரைவீரர்கள் பாய்ந்தார்கள். பிற்பகல்வரை நடந்த வெட்டில் கோசாயிகள் சுமார் 500 பேர் மாண்டார்கள். தப்பிக்கக் கங்கையில் குதித்தவர்களில் பலர் மூழ்கினார்கள். சமயம் வேறானாலும் சண்டையைத் தொடங்கிவைத்தது கேட்காமல் நட்ட கொடிதான்.

அப்படியென்றால் துறவிகள் வெறும் பணத்துக்காக வெட்டிக்கொண்டார்களா என்று கேட்டால், அதையும் நான் ஏற்கமாட்டேன். தீர்த்தத்தின் மீது மக்களுக்கு நம்பிக்கை இல்லையென்றால் அங்கே காணிக்கையும் இல்லை, வரியும் இல்லை. முதலில் நீராடுகிறவருக்குக் கிடைக்கும் மரியாதைதான் அடுத்த பன்னிரண்டு ஆண்டுகளுக்குச் சீடர்களையும் புரவலர்களையும் கொண்டுவந்தது. பெருமையும் வருமானமும் அந்தப் படித்துறையில் ஒன்றாகவே பிணைந்திருந்தன. ஒன்றை விட்டுக்கொடுத்து மற்றதைக் காப்பாற்ற முடியாது. சாகத் துணிந்தவர்களைப் பேராசைக்காரர்கள் என்று தள்ளிவிடுவது அவர்களுக்குச் செய்யும் அநியாயம்.

என் வாதத்துக்குப் பெரிய ஆதாரம் சண்டைகள் தீர்க்கப்பட்ட விதத்தில் இருக்கிறது. கொள்கைதான் காரணமென்றால் கொள்கையைப் பேசித்தான் தீர்த்திருக்க வேண்டும். எங்கும் அப்படி நடக்கவில்லை. கோதாவரிக் கரையில் சிம்மஸ்த மேளாவின்போது திரியம்பகத்தில் சைவ, வைணவத் துறவிகள் மோதிய வழக்கு 18ஆம் நூற்றாண்டில் மராட்டியப் பேஷ்வாவின் அவைக்குப் போனது. எவருடைய தெய்வம் பெரிது என்று அங்கே விசாரிக்கவில்லை. நீராடும் இடத்தைப் பிரித்துக் கொடுத்தார்கள். சைவர்களுக்குத் திரியம்பகேசுவரத்தின் குசாவர்த்தம், வைணவர்களுக்கு நாசிக்கின் ராமகுண்டம் என்ற அந்த ஏற்பாட்டின்படிதான் இரு தரப்பும் இன்றுவரை நீராடுகின்றன.