ஓக்லஹோமா: பெயரில் இருந்த சிவப்பு

அமெரிக்காவின் நடுப்பகுதியில் கோதுமை வயலும் மாட்டுப் பண்ணையுமாகக் கிடக்கும் மாநிலம் ஓக்லஹோமா. அந்தப் பெயர் ஆங்கிலம் அன்று. சாக்டா பழங்குடியினரின் மொழியில் ‘ஓக்லா’ என்றால் மக்கள். ‘ஹும்மா’ என்றால் சிவப்பு. செம்மண், செவ்வானம் என்று நாம் நிறத்தை முன்னால் வைப்போம். சாக்டா மொழியில் அடைமொழி பின்னால் வரும். ஆக, ஓக்லா ஹும்மா என்பது செம்மக்கள்.

ஊர்ப்பெயர்களில் பெரும்பாலானவற்றை யார் வைத்தார், எப்போது வைத்தார் என்று சொல்ல முடியாது. இந்தப் பெயருக்கு அந்தச் சிக்கல் இல்லை. ஆண்டு 1866, இடம் வாஷிங்டன், வைத்தவர் ஆலன் ரைட். சாக்டா இனத்தவர், நியூயார்க்கில் இறையியல் படித்த பாதிரியார், பின்னாளில், 1880-இல், தம் மொழிக்கு ஓர் அகராதியே தொகுத்தவர். சொல்லை நிறுத்துப் பார்க்கத் தெரிந்தவர். உள்நாட்டுப் போரில் சாக்டாக்கள் தென்னவர் பக்கம் நின்றதால், போர் முடிந்ததும் அமெரிக்க அரசு அவர்களைப் புதிய உடன்படிக்கைக்கு இழுத்தது. இந்தப் பகுதியில் இருந்த பழங்குடிகள் எல்லோரையும் ஒரே ஆட்சிப்பகுதியாக்குவது அரசின் திட்டம். அதற்கு என்ன பெயர் என்ற பேச்சு வந்தபோது ரைட் சொன்ன பெயர்தான் ஓக்லஹோமா.

இந்தச் சிவப்பு வெறும் தோல்நிறம் என்று கொண்டால் பாதிதான் புரியும். தென்கிழக்குப் பழங்குடிகளிடம் சிவப்பு போருக்குரிய நிறம், வெள்ளை அமைதிக்குரியது. கிரீக் மக்களின் ஊர்களே சிவப்பூர், வெள்ளூர் என்று பிரிந்திருந்தன. சாக்டா வீரனின் பெயரோடு ‘ஹும்மா’ சேர்ந்தால் அது பட்டம். அதைப் பெற்றவனிடம் வீரமும் மானமும் எதிர்பார்க்கப்பட்டன. ஐரோப்பியர் வந்து தங்களை வெள்ளையர் என்று சொல்லிக்கொண்ட பிறகுதான், அந்தப் பேச்சுக்கு எதிர்ப்பேச்சாகச் சிவப்பு ஓர் இனத்தின் நிறமாக ஊன்றியது. நம் பாடநூல்களில் வந்த ‘செவ்விந்தியர்’ இந்த வரலாறு எதுவும் தெரியாத சொல். ஆங்கிலத்திலிருந்து அப்படியே பெயர்த்தது; இன்று அதைக் கைவிடுவதே மரியாதை.

பெயர் பிறந்த அதே 1866 உடன்படிக்கையில் இன்னொரு நிறமும் பேசப்பட்டது. 1830-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மிசிசிப்பியிலிருந்து சாக்டாக்கள் இந்த மண்ணுக்குத் துரத்தப்பட்டபோது, அவர்களில் வசதி படைத்தோர் தங்கள் கருப்பின அடிமைகளையும் உடன் கொண்டுவந்தார்கள். சொந்த மண்ணிலிருந்து விரட்டப்பட்டவர்கள் இன்னொருவரை உடைமையாக வைத்திருந்தார்கள் என்பதை இந்த மாநிலத்தைப் பற்றி எழுதும் எவரும் மழுப்பக்கூடாது. உடன்படிக்கை அடிமைமுறையை ஒழித்தது. விடுதலை பெற்றவர்களுக்கு வாக்குரிமையும் ஆளுக்கு 40 ஏக்கரும் கொடுத்தால் பழங்குடி அரசுகளுக்கு 3,00,000 டாலர் கிடைக்கும், இரண்டு ஆண்டில் கொடுக்காவிட்டால் அந்தப் பணம் அவர்களை வேறிடத்துக்கு அனுப்பச் செலவாகும் என்றது. சாக்டாக்கள் 1883-இல்தான் அவர்களைக் குடிகளாக ஏற்றார்கள். உடன்படிக்கையில் கூடவே கையெழுத்திட்ட சிக்கசா இனத்தார் கடைசிவரை ஏற்கவில்லை.

பிறகு பெயர் கைமாறியது. 1889 ஏப்ரல் 22 நண்பகலில் துப்பாக்கி வெடிக்க, ஏறத்தாழ 50,000 குடியேறிகள் குதிரையிலும் வண்டியிலும் ஓடி, அரசு திறந்துவிட்ட நிலத்தைப் பிடித்தார்கள். மறு ஆண்டு, குடியேறிகளுக்குத் திறந்துவிட்ட மேற்குப் பகுதி ‘ஓக்லஹோமா ஆட்சிப்பகுதி’ ஆயிற்று. பழங்குடிகள் எஞ்சியிருந்த கிழக்குப் பகுதிக்கு அந்தப் பெயர் இல்லை. அவர்கள் 1905-இல் மஸ்கோகி நகரில் கூடி, செரோக்கி பழங்குடியினரின் மொழிக்கு எழுத்தை உருவாக்கிய செக்கோயாவின் பெயரில் தனி மாநிலம் கேட்டார்கள். அமெரிக்க நாடாளுமன்றம் அதற்குச் செவிசாய்க்கவில்லை. 1907 நவம்பர் 16-இல் இரு பகுதிகளும் சேர்ந்து 46-ஆவது மாநிலமாயின, பெயர் ஓக்லஹோமா.

கருப்பின மக்களும் இந்த மண்ணை நம்பி வந்தார்கள். லாங்ஸ்டன், போலி என்று தங்களுக்கே உரிய ஊர்கள் ஐம்பதுக்கு மேல் எழுப்பினார்கள். மாநிலம் பிறந்ததும் மாநில செனட் எடுத்துக்கொண்ட முதல் மசோதா என்ன தெரியுமா? ரயிலில் அவர்களுக்குத் தனிப்பெட்டி. புதிய அரசியலமைப்பின் 23-ஆம் பகுதியில் ஒரு வரையறை இருந்தது. ஆப்பிரிக்க வழிவந்தோர் கருப்பர். மற்ற எல்லோரும் வெள்ளையர். செம்மக்கள் என்று பெயர் பூண்ட மாநிலத்தின் சட்டத்தில் சிவப்பு என்று ஒரு நிறமே இருக்கவில்லை. கிரீக் மொழி பேசி, கிரீக் ஊரில் பிறந்து, கிரீக் குடியாகவே வளர்ந்த கருப்பினப் பெண் நிலையத்தில் நின்றால் அவளுக்கு ஒரு பெட்டி. அவள் பக்கத்து வீட்டுக் கிரீக் பெண்ணுக்கு வெள்ளையர் பெட்டி. இருவரும் ஒரே மொழியில் பேசிக்கொண்டு வந்திருக்கலாம், ஏறும்போது பிரிய வேண்டும். இந்த ஒரு காட்சியைவிட அந்தச் சட்டத்தின் கொடுமையைச் சொல்ல வேறு வேண்டியதில்லை.

1910-இல் வாக்காளருக்கு எழுதப் படிக்கும் தேர்வு வந்தது. 1866 ஜனவரி 1 அன்றோ அதற்கு முன்போ வாக்குரிமை பெற்றிருந்தவரின் வழித்தோன்றல்களுக்கு அதிலிருந்து விலக்கு. அடிமையின் பேரனுக்கு எந்த விலக்கும் கிடைக்காது என்பதுதான் அந்தத் தேதியின் பொருள். உச்ச நீதிமன்றம் 1915-இல் அதை அடித்துத் தள்ளியது.

துல்சா நகரின் பெயரும் கிரீக் சொல்தான். பழைய ஊர் என்று பொருள். அங்கே கிரீன்வுட் என்ற கருப்பினக் குடியிருப்பை 1921 மே 31-லும் மறுநாளும் வெள்ளையர் கும்பல் எரித்தது. 35 தெருக்கட்டங்கள் சாம்பலாயின. செத்தவர்கள் 300 பேர்வரை இருக்கலாம் என்பது மதிப்பீடு. ‘கலவரம்’ என்று அதற்குப் பெயரிட்டார்கள். காப்பீட்டு ஆவணத்தில் கலவரத்துக்கு இழப்பீடு இல்லை என்ற விதி இருந்ததால், வீடும் கடையும் இழந்தவர்களுக்குக் காசு வரவில்லை. நூற்றாண்டு நினைவுக்காக அமைந்த ஆணையம் 2018-இல்தான் தன் பெயரில் இருந்த ‘கலவரம்’ என்பதை எடுத்துவிட்டு ‘படுகொலை’ என்று மாற்றிக்கொண்டது.

இன்னும் தீராத கணக்கு ஒன்று பாக்கி. 2020-இல் உச்ச நீதிமன்றம், கிழக்கு ஓக்லஹோமாவில் கிரீக் மக்களின் ஒதுக்கீட்டு நிலத்தை அமெரிக்க நாடாளுமன்றம் ஒருபோதும் ரத்து செய்யவில்லை, பழைய உடன்படிக்கைகள் இன்றும் செல்லும் என்று தீர்ப்பளித்தது. செரோக்கி நாடு 2021-இல் தன் சட்டத்திலிருந்து ‘இரத்த வழி’ என்ற சொற்களை நீக்கி, விடுதலை பெற்ற அடிமைகளின் சந்ததியைச் சம குடிகளாக ஏற்றது. பெயர் தந்த சாக்டா நாடோ, 1883-இல் தானே கொடுத்த குடியுரிமையை 1983 அரசியலமைப்பில் இரத்த வழியினருக்கு மட்டும் என்று சுருக்கியது. உடன்படிக்கையைக் காட்டித் தங்கள் உரிமையைக் கேட்பவர்கள், அதே உடன்படிக்கையைக் காட்டிக் கேட்கும் கருப்பினக் குடும்பங்களை வாசலில் நிறுத்துவது நியாயமில்லை. அந்தக் குடியுரிமையைத் திருப்பிக் கொடுக்க வேண்டும்.