திருத்தப்பட்ட கைபேசிச் செயலிகள்

ஒரு நிறுவனம் வெளியிட்ட செயலியை வேறு யாரோ பிரித்து, மாற்றி, மறுபடி கட்டி உலவவிடும் பிரதியே திருத்தப்பட்ட செயலி. 'மோடு' என்பது இளைஞர் வழக்கு. விளம்பரமில்லாத பாட்டு, காசில்லாத விளையாட்டு, கூடுதல் வசதியுள்ள வாட்ஸ்அப் என்று ஆசைகாட்டும் இவை பிளே ஸ்டோருக்கு வெளியே, 'ஏபிகே' எனப்படும் நிறுவல் கோப்புகளாகக் கைமாறுகின்றன.

மிளகாயும் உளுந்தும் பருத்தியும் விளையும் விளாத்திகுளம் கரிசல் காட்டில், சான்று விதை வாங்கும் சம்சாரி முதலில் பார்ப்பது பையில் தைத்த நீல அட்டையை. ஆண்ட்ராய்டு செயலிக்கு அந்த அட்டை, உருவாக்கியவரின் மின்னணுக் கையொப்பம். உள்ளே சிறிது மாற்றினாலும் அது செல்லாது. மாற்றியவர் தம் கையொப்பத்தையே இட்டாக வேண்டும். பிறகு மூல நிறுவனத்தின் பாதுகாப்புத் திருத்தங்கள் அந்தப் பிரதிக்கு வராது. உள்ளே புதிதாகச் சேர்ந்ததற்குப் பொறுப்பேற்பவரும் இல்லை.

என்ன சேரும்? 2021 ஆகஸ்டில் காஸ்பர்ஸ்கி நிறுவனம், 'எஃப்எம்வாட்ஸ்அப்' என்ற திருத்தப்பட்ட வாட்ஸ்அப்பின் பதிப்பு ஒன்றில் 'டிரையாடா' என்ற தீநிரலைக் கண்டது. குறுஞ்செய்தி படிக்கும் அனுமதியைக் கொண்டு, உரிமையாளர் அறியாமலே அவரைக் கட்டணச் சேவைகளில் சேர்க்க அதனால் முடியும். மறு ஆண்டில் 'யோவாட்ஸ்அப்' என்ற இன்னொரு பிரதி, பயனர்களின் கணக்குச் சாவிகளையே வெளியே அனுப்பியது தெரியவந்தது.

பேரடி வாங்கிய நாடு இந்தியா. 2019 ஜூலையில் செக் பாயிண்ட் நிறுவனம் வெளிப்படுத்திய 'ஏஜென்ட் ஸ்மித்' என்ற தீநிரல் தொற்றிய சுமார் 2.5 கோடிக் கருவிகளில் 1.5 கோடி இங்கே இருந்தன. '9ஆப்ஸ்' என்ற வெளிக்கடையில் விளையாட்டு, புகைப்படச் செயலிகளுக்குள் ஒளிந்து வந்த அது, கைபேசியில் ஏற்கெனவே இருந்த நல்ல செயலிகளையும் சத்தமின்றித் திருத்தி விளம்பரங்களைக் காட்டியது.

அடுத்த படி முழுப் போலி. விவசாயிகளுக்கு ஆண்டுக்கு 6,000 ரூபாய், மூன்று தவணையாக வரும் பிஎம் கிசான் உதவித்தொகையின் பெயரில் வாட்ஸ்அப்பில் ஏபிகே கோப்புகள் பரவ, 2024-ல் தமிழ்நாடு இணையக் குற்றப் பிரிவு எச்சரித்தது. குறுஞ்செய்தியைப் படிக்கும் செயலி ஓடிபியையும் படிக்கும். தவணைக்குக் காத்திருந்தவரின் கணக்கிலிருந்தே பணம் போகும். இந்தத் தொகை நேரே வங்கிக் கணக்குக்கு வருவது; அதற்கு எந்தக் கோப்பையும் நிறுவ வேண்டியதில்லை.

தெரியாமல் நிறுவிவிட்டால் உடனே இணையத்தைத் துண்டித்து, வேறு கைபேசியிலிருந்து வங்கிக்கும் 1930 என்ற இணையக் குற்ற உதவி எண்ணுக்கும் சொல்ல வேண்டும். கடவுச்சொற்களையும் யுபிஐ பின்னையும் பாதுகாப்பான கருவியிலிருந்து மாற்றிய பிறகே பழைய கைபேசியை முழுதாக அழித்து, செயலிகளைப் பிளே ஸ்டோரிலிருந்து மறுபடி ஏற்றலாம்.