காத்தலும் கிடத்தலும்

பெரம்பலூர் மாவட்டத்தில் ‘பட்டறை’ என்றால் கொல்லன் பட்டறை முதலில் நினைவுக்கு வராது. செட்டிகுளம், பாடாலூர் பக்கம் அது சின்ன வெங்காயத்தை இருப்பு வைக்கும் இடம். ‘பட்டடை’யின் மறுவடிவம். பட்டடைக்கு அகராதியில் கொல்லனின் அடைகல்லும் உண்டு, வைக்கோல், விறகு, தானியக் குவியலும் உண்டு. கொல்லர் ஒன்றை எடுத்துக்கொண்டார், வெங்காயக்காரர் மற்றதை.

மண்ணின் ஈரம் ஏறாமல் தரையை உயர்த்தி, சுற்றிலும் காற்று புகத் தட்டி அடைத்து, மேலே கீற்று வேய்வார்கள். அகலம் கூடினால் நடுவில் புழுங்கி அழுகும் என்பதால் குறுகலாகத்தான் கட்டுவது. அறுவடை நேரத்தில் விலை சரியும். அதனால் பிறகு விற்க ஒரு பங்கு, அடுத்த பட்டத்துக்கு விதைக்காய் ஒரு பங்கு என உள்ளே போகும்.

காத்திருத்தலை இங்கே வைத்துத்தான் பார்க்க வேண்டும். காத்து, இரு: இரண்டு வினை. ‘கா’ என்பது காவல் செய்வது. அடைகாக்கும் கோழிக்கு இரண்டும் ஒரே வேலை. பேருந்துக்கு நிற்பவர் எதையும் காப்பதில்லை, சும்மா இருக்கிறார், அதனால்தான் எரிச்சல்படுகிறார் என்பது என் எண்ணம். பட்டறைக்காரரோ அழுகலைக் கழிக்க வேண்டும், சாரலுக்குப் படுதா இழுக்க வேண்டும். 2019 டிசம்பரில் விலை எகிறியபோது இந்தப் பக்கம் விதை வெங்காயமே திருட்டுப் போனது. கா என்ற வினை அன்று தன் பழைய பொருளுக்கே திரும்பியது.

வெங்காயத்துக்கும் பொறுமை கொஞ்சம்தான். உறக்கம் கலைந்தால் சந்தை நிலவரம் பார்க்காது, முளைத்துவிடும். ‘அவசரம்’ வடமொழியில் தருணம், வாய்ப்பு. தமிழுக்கு வந்து பதற்றமாகிவிட்டது. பட்டறையைப் பிரிக்கும் நாளைக் குறிப்பவர் முதல் பொருளைத் தேடுகிறார். கடன் கொடுத்தவர் வாசலில் நின்றால் இரண்டாவதுதான் கிடைக்கும்.

காத்துக்கிடத்தல் வேறு. அரியலூர் மாவட்டம் ஜெயங்கொண்டத்தில் பழுப்பு நிலக்கரி மின்திட்டத்துக்கென்று 1990-களில் விவசாயிகளின் நிலத்தை எடுத்தார்கள். மின்நிலையம் வரவேயில்லை. இழப்பீடு போதாதென்று வழக்குகள் நடந்தன. கால் நூற்றாண்டு கழித்து, நிலத்தை உரியவர்களுக்கே திருப்பிக் கொடுக்க அரசு முடிவெடுத்தது. அத்தனை ஆண்டும் நிலம் கண்ணெதிரே இருந்தது, உரிமை தங்கள் பேரில் இல்லை. அவர்கள் காத்திருந்தார்கள் என்று எழுத எனக்குக் கை வரவில்லை.